ஐயமும் ஓர் அறமே

தீயவன் செய்யும் தீமையை உலகம் எளிதில் அடையாளம் கண்டுகொள்கிறது. திருடன் இருளில் வருகிறான். பொய்யன் பார்வையைத் தாழ்த்துகிறான். கொலைஞன் தடயத்தை மறைக்க முயல்கிறான். தாம் செய்வது தீது என்பது அவர்களுக்கே தெரியும். ஆயின், தான் செய்வது அறமே என்று உளமார நம்பி ஒருவன் இழைக்கும் தீமையை எவ்வாறு இனங்காண்பது? அவன் பட்டப்பகலில் வருகிறான், ஊரறியத் தீர்ப்புரைக்கிறான், பின்னர் அமைதியாக உறங்கச் செல்கிறான். அவன் கை நடுங்குவதில்லை, மனச்சான்று உறுத்துவதுமில்லை. வரலாற்றின் பெருங்கொடுமைகளைப் புரட்டிப் பார்த்தால், அவற்றை நிகழ்த்தியோரில் பலர் இத்தகைய உறுதி படைத்தவர்களாகவே இருந்தமை புலனாகும்.

சிலப்பதிகாரத்துப் பாண்டியன் இயல்பில் கொடுங்கோலன் அல்லன். கோவலன்மீது அவனுக்குப் பகையும் இல்லை. பொற்கொல்லன் சொல்லை ஆராயாமல் நம்பினான், அவ்வளவே. அந்த ஒரு கணத்து நம்பிக்கை ஓர் உயிரைக் குடித்தது; பின்னர் ஒரு நகரையே எரித்தது. நேர்மையாக நம்பியவன் செய்த பிழைக்காக அவனைக் குற்றவாளி எனலாமா? அன்றி, 'அறியாமற் செய்தான்' என்று மன்னித்துவிடலாமா? அறியாமற் செய்வது வேறு. அறிய முயலாமற் செய்வது வேறு. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள தொலைவே இக்கட்டுரையின் பொருள்.

இத்தொலைவைத் தம் கலையால் அளந்து காட்டியவர் ஒருவர் ஐரோப்பாவின் வடபகுதியில் வாழ்ந்தார். அவர் தத்துவப் பேராசிரியர் அல்லர். சமய குரவரும் அல்லர். ஊமைப்பட நடிகர், கதாசிரியர், இயக்குநர். டென்மார்க் நாட்டினராகிய அவர் பெயர் பெஞ்சமின் கிறிஸ்டென்சன்.

குரலிழந்தவர் கண்ட கலை

கிறிஸ்டென்சன் 1879ஆம் ஆண்டு செப்டம்பர் 28ஆம் நாள், யூட்லாந்துப் பகுதியிலுள்ள வீபோர் என்னும் பழம்பெரும் நகரில் பிறந்தார். மருத்துவம் பயிலத் தொடங்கிய அவர் உள்ளம் இசைநாடகத்தின்பால் சென்றது. கோப்பன்ஹேகன் நகரின் அரச நாடக அரங்கில் பயிற்சி பெற்றுப் பாடகரானார். ஆனால், குரல் அவரைக் கைவிட்டது. பாடகனுக்குக் குரல் போவது, ஓவியனுக்குக் கண் போவது போன்றதன்றோ! மேடையை விட்டு விலகிய அவர், பிரெஞ்சு நாட்டு மதுவகை ஒன்றின் விற்பனை முகவராகிப் பிழைப்பை நடத்தினார்.

அக்காலத்தில் டென்மார்க்கில் ஒரு புதுமை நிகழ்ந்துகொண்டிருந்தது. 1906ஆம் ஆண்டில் ஓலே ஓல்சன் என்பவர் நிறுவிய நோர்டிஸ்க் நிறுவனம், சில ஆண்டுகளிலேயே உலகச் சந்தைக்குப் படங்களை அனுப்பும் பெரிய நிறுவனங்களுள் ஒன்றாக வளர்ந்தது. டேனிய மொழி பேசுவோர் தொகை சிறிது. எனினும், ஊமைப்படத்திற்கு மொழித் தடை இல்லை. காட்சிகளுக்கிடையே தோன்றும் எழுத்துகளை மட்டும் அந்தந்த நாட்டு மொழியில் மாற்றிச் சேர்த்துவிட்டால் போதும். கோப்பன்ஹேகனில் எடுத்த படம் எந்நாட்டிலும் ஓடும். முதல் உலகப் போர் வந்து சந்தைகளை அடைக்கும்வரை அச்சிறிய நாடு திரையுலகில் பெருநாடாக விளங்கிற்று. குரலிழந்த பாடகர், குரலே தேவைப்படாத அக்கலையில் 1911, 1912ஆம் ஆண்டுகளையொட்டி நடிகராக அடியெடுத்து வைத்தார்.

நடிப்போடு அவர் நிறைவடையவில்லை. 1914ஆம் ஆண்டில் 'மர்மமான எக்ஸ்' என்னும் படத்தைத் தாமே இயக்கி, அதன் தலைமை வேடத்தையும் ஏற்றார். அவ்வேடம், நாட்டைக் காட்டிக்கொடுத்தான் என்று பொய்யாகக் குற்றஞ்சாட்டப்பட்டு மரணத்தீர்ப்புப் பெறும் கடற்படை அதிகாரி ஒருவனுடையது. சான்றுகள் எல்லாம் அவனுக்கு எதிராக நிற்கின்றன. தீர்ப்பளிப்போர் தீயவர்கள் அல்லர். கண்முன் தெரிந்ததை நம்பியவர்கள். இறுதி வேளையில் அவன் மனைவி கண்டறியும் உண்மையே அவனைக் காக்கிறது.

1916ஆம் ஆண்டில் வெளிவந்த 'பழிவாங்கும் இரவு' என்னும் படத்தின் கதையை அவரே எழுதினார்; அவரே இயக்கினார்; அவரே நடித்தார். இங்கும் கதைத்தலைவன் ஒரு நிரபராதி. சர்க்கசில் பலசாலியாக வேலைபார்த்த அவன்மீது கொலைப்பழி விழுகிறது. புத்தாண்டுக்கு முந்திய இரவில், பசித்த குழந்தைக்குப் பால் தேடி ஒரு செல்வர் வீட்டினுள் நுழைகிறான். அங்கிருந்த இளம்பெண் அவனுக்கு உதவ முன்வருகிறாள். ஆயின், வீட்டிலிருந்த மற்றவர்கள் அவனைப் பிடித்துவிடுகின்றனர். அவளே தன்னைக் காட்டிக்கொடுத்தாள் என்று அவன் நம்பிவிடுகிறான். 14 ஆண்டுகள் சிறையில் உழன்று உடலும் உள்ளமும் சிதைந்து வெளிவருபவன், குற்றமற்ற அப்பெண்ணைப் பழிவாங்கப் புறப்படுகிறான்.

இக்கதையின் நுட்பம் ஈண்டு நோக்கத்தக்கது. பொய்த்தீர்ப்பால் வாழ்விழந்தவன், தானும் ஒரு பொய்த்தீர்ப்பை வழங்குகிறான். சட்டமன்றம் அவனுக்குச் செய்ததையே அவன் தன் மனமன்றத்தில் அவளுக்குச் செய்கிறான். துன்பப்பட்டவன் என்பதனால் ஒருவன் நீதிமானாகிவிடுவதில்லை என்னும் கசப்பான உண்மையைக் கிறிஸ்டென்சன் அன்றே கண்டிருந்தார். அநீதிக்கு ஆளாவது ஒன்று. அநீதியின் இயல்பை உணர்வது மற்றொன்று.

சம்மட்டி என்னும் நூல்

1914ஆம் ஆண்டளவில் பெர்லின் நகரத்துப் புத்தகக்கடை ஒன்றில் ஒரு பழைய நூல் அவர் கண்ணில் பட்டது. 'சூனியக்காரிகளின் சம்மட்டி' என்று பொருள்படும் இலத்தீன் தலைப்பையுடையது அந்நூல். சூனியக்காரிகளை எவ்வாறு கண்டுபிடிப்பது, எவ்வாறு விசாரிப்பது, எவ்வாறு தண்டிப்பது என்று நீதிபதிகளுக்கு வழிகாட்டும் கையேடு அது. 1486ஆம் ஆண்டளவில் அதை எழுதியவர் ஹைன்ரிக் கிராமர் என்னும் துறவி.

அந்நூல் பிறந்த கதை அறியத்தக்கது. 1485ஆம் ஆண்டில் இன்ஸ்புரூக் நகரில் சில பெண்கள்மீது கிராமர் சூனியக் குற்றம் சாட்டி வழக்கு நடத்தினார். விசாரணை முறையில் பிழைகள் இருந்தமை சுட்டிக்காட்டப்பட்டது, குற்றஞ்சாட்டப்பட்டோர் விடுவிக்கப்பட்டனர். அவ்வட்டாரத்து ஆயரே கிராமரை ஊரைவிட்டுப் போகச் சொன்னார். 'நான் தவறியிருக்கலாமோ?' என்று தம்மைத்தாமே கேட்டுக்கொள்ள அது நல்லதொரு வாய்ப்பு. அவர் கேட்டுக்கொள்ளவில்லை. தாம் பிழைபட்டதாக ஏற்பதற்கு மாறாக, தம் கருத்தே சரியென நிறுவ ஒரு நூல் எழுதினார். பாண்டியன் சிலம்பின் பரலைக் கண்ட கணமே தன்னைத்தான் குற்றவாளியாக்கிக்கொண்டான். கிராமரோ, பரலைக் கண்ட பின்னும் சிலம்பு தம்முடையதே என்று வாதிட்டார். பிழை செய்வது மானிட இயல்பு. பிழையென்று காட்டிய பின்னும் திருந்த மறுப்பதே குற்றத்தின் பிறப்பிடம்.

அந்நூலின் வாதமுறை எத்தகையது? விசாரணையில் பெண் அழவில்லையென்றால் அவள் சூனியக்காரி. ஏனெனில், சூனியக்காரிக்குக் கண்ணீர் வாராது. அவள் அழுதாலோ, எச்சிலைக் கன்னத்தில் தடவிக் கண்ணீர்போற் காட்டி ஏமாற்றலாம், எச்சரிக்கையாயிருக்க வேண்டும். சித்திரவதையில் குற்றத்தை ஒப்புக்கொண்டால் உண்மை வெளிவந்தது என்று பொருள். ஒப்புக்கொள்ளாமல் மௌனமாயிருந்தாலோ, சாத்தான் அவளுக்கு அந்த வலிமையைத் தந்திருக்கிறான் என்று பொருள். எப்பக்கம் திரும்பினாலும் ஒரே சுவர். எந்தச் சான்றாலும் பொய்யென்று காட்டமுடியாத நம்பிக்கை, உண்மையைப் பற்றிய நம்பிக்கையன்று. அது தன்னைத்தானே வழிபடும் செருக்கு.

திரையில் ஒரு விசாரணை

கிறிஸ்டென்சன் ஆண்டுக்கணக்கில் பழைய வழக்கேடுகளையும் ஓவியங்களையும் ஆராய்ந்தார். சுவீடன் நாட்டு நிறுவனம் பொருளுதவி புரிய, டென்மார்க்கிலேயே படப்பிடிப்பு நிகழ்ந்தது. ஸ்காண்டிநேவிய ஊமைப்படங்களுள் மிகுந்த பொருட்செலவில் உருவான அப்படம், 'ஹெக்சன்', அதாவது 'சூனியக்காரி' என்னும் பெயரில் 1922ஆம் ஆண்டு செப்டம்பர் 18ஆம் நாள் சுவீடனில் திரையிடப்பட்டது. ஏழு பகுதிகளையுடைய அப்படம் கதையும் அன்று, செய்திப்படமும் அன்று. பழைய ஓவியங்களைக் காட்டி வகுப்பறைப் பாடம்போலத் தொடங்கி, பின்னர் நடிகர்களைக்கொண்டு பழங்காலத்தை உயிர்ப்பித்து, இறுதியில் இருபதாம் நூற்றாண்டுக்கு வந்து முடிகிறது.

அதன் நடுப்பகுதியில் வரும் நிகழ்ச்சிகள் நெஞ்சைவிட்டு அகலாதவை. அச்சகத்தார் ஒருவர் நோயுற்றுக் கிடக்கிறார். யாரோ சூனியம் வைத்திருக்க வேண்டும் என்று வீட்டுப்பெண்கள் கருதுகிறார்கள். அவ்வேளையில் உணவு கேட்டு வருகிறாள் மரியா என்னும் ஏழை மூதாட்டி. நெசவு செய்து பிழைப்பவள். அவள் பார்வையே போதுமான சான்றாகிவிடுகிறது. நோயாளியின் இளம்மனைவி ஆனா ஓடிச்சென்று விசாரணைத் துறவிகளிடம் முறையிடுகிறாள். அவள் நோக்கம் கணவனைக் காப்பதேயன்றி வேறில்லை. மரியா சித்திரவதைக்கு உள்ளாகிறாள். வலி தாங்காமல் எல்லாவற்றையும் ஒப்புக்கொள்கிறாள். ஒப்புக்கொள்வதோடு நில்லாமல், தன்மேல் பழிசுமத்திய வீட்டின் பெண்களையும் சூனியக்காரிகள் என்று சொல்லிவிடுகிறாள். பற்றிய தீ பற்றவைத்த வீட்டுக்கே திரும்புகிறது. இறுதியில் ஆனாவே குற்றவாளிக் கூண்டில் நிற்கிறாள். இடி வருவிக்கும் வித்தையைச் சொன்னால் கைக்குழந்தையோடு விட்டுவிடுவோம் என்று நைச்சியமாகப் பேசி, அவள் வாயிலிருந்தே வாக்குமூலத்தைக் கறந்துவிடுகிறார்கள்.

இப்படத்தில் மற்றொரு செய்தியும் உண்டு. கட்டைவிரலைத் திருகி நெரிக்கும் கருவியைப் படம்பிடிக்கும்போது, நடிகை ஒருத்தி அதைத் தன் விரலில் போட்டுப் பார்க்க விரும்பினாள் என்றும், ஒரு நிமிடத்திற்குள் அவள் வெளியிட்ட இரகசியங்களைத் தாம் சொல்லப்போவதில்லை என்றும் திரையிலேயே எழுத்தாகக் காட்டினார் இயக்குநர். காண்போர் நகைப்பர். நகைத்து முடிக்குமுன் நெஞ்சு சுடும். விளையாட்டாக, விரும்பி ஏற்ற ஒரு நிமிட வலிக்கே இந்நிலை எனில், இருட்டறையில் நாட்கணக்கில் வதைபட்ட மூதாட்டி எதைத்தான் ஒப்புக்கொள்ளமாட்டாள்?

அப்படத்தில் சாத்தான் வேடத்தை ஏற்றவர் கிறிஸ்டென்சனே. முன்பு நிரபராதி வேடம் பூண்டவர் இப்போது தீமையின் வேடத்தைப் பூண்டார். நாக்கைச் சுழற்றிக்கொண்டு அவர் தோன்றும் காட்சிகள் அச்சமும் நகைப்பும் ஒருங்கே தருவன. ஆனால், ஊன்றி நோக்குவார்க்கு ஓர் உண்மை விளங்கும். சாத்தான் தோன்றும் இடங்களெல்லாம் மாந்தரின் கனவிலும் அச்சத்திலும் கதையிலும் உள்ளவை. மெய்யாகவே எலும்பு முறிவதும் உயிர் போவதும் விசாரணை அறையில். அவ்வறையில் சாத்தானுக்கு வேலை இல்லை. நல்லவர்களே எல்லாவற்றையும் செய்துவிடுகிறார்கள்.

'அக்காலம் அப்படி' என்னும் வாதம்

இங்கே ஒரு மறுப்பு எழக்கூடும். 'அக்கால மக்கள் சூனியத்தை மெய்யென நம்பினர். நம்பிய ஒன்றுக்கேற்பச் செயற்பட்டவரை இக்கால அறிவைக்கொண்டு பழிப்பது முறையா?' என்று கேட்கலாம். நியாயமான கேள்வியே. பதினைந்தாம் நூற்றாண்டு முதல் பதினெட்டாம் நூற்றாண்டு வரை ஐரோப்பாவில் ஏறத்தாழ 40,000 முதல் 60,000 பேர் சூனியக் குற்றத்திற்காகக் கொல்லப்பட்டனர் என்பது வரலாற்றாசிரியர்களின் இன்றைய மதிப்பீடு. இத்தனைபேரைக் கொன்றவர் அனைவரும் பொய்யர் என்பது பொருந்தாது. பலர் நம்பியே செய்தனர்.

ஆயினும், அதே காலத்தில், அதே சமயத்தில், அதே கல்வியைப் பெற்ற வேறு சிலரும் வாழ்ந்தனர். பிரீட்ரிக் ஸ்பே என்பவர் ஜெர்மானிய நாட்டு இயேசு சபைத் துறவி. கொலைக்களத்துக்குச் செல்லும் பெண்களுக்கு ஆன்மிகத் துணையாக உடன் சென்றவர். அவர்கள் சொல்லியதைக் காதுகொடுத்துக் கேட்டார், கேட்டதனால் ஐயுற்றார். 1631ஆம் ஆண்டில் தம் பெயரை மறைத்து ஒரு நூல் வெளியிட்டார். சூனியக்காரிகளை உருவாக்குவது சாத்தானன்று, சித்திரவதையே. நீதிபதிகளையும் குருமாரையும் அதே கருவியில் கிடத்தினால் அவர்களும் ஒப்புக்கொள்வர் என்பது அவர் வாதம்.

ஸ்பெயின் நாட்டில் அலோன்சோ டி சலசார் என்னும் சமய விசாரணையாளர் இருந்தார். 1610ஆம் ஆண்டில் லோக்ரோனியோ நகரில் ஆறுபேரை உயிரோடு எரித்த தீர்ப்பாயத்தின் மூவருள் அவரும் ஒருவர். அதன்பின் அவர் ஊர் ஊராகச் சென்றார். 1,800க்கும் மேற்பட்டோரை விசாரித்தார். சூனியக்கூட்டம் நிகழ்ந்த இடம் எது என்று ஒவ்வொருவரையும் தனித்தனியே வினவினார். விடைகள் ஒன்றோடொன்று பொருந்தவில்லை. மந்திரக் களிம்பு எனப்பட்டவற்றை விலங்குகளுக்குக் கொடுத்துப் பார்த்தார். அவற்றுக்கு ஒன்றும் நேரவில்லை. ஊரார் சூனியத்தைப் பற்றிப் பேசத் தொடங்கிய பின்னரே ஊரில் சூனியம் தோன்றியது என்னும் முடிவுக்கு வந்தார். 1614ஆம் ஆண்டில் புதிய விதிகள் பிறந்தன. அந்நாட்டின் சமய விசாரணை மன்றம் சூனியத்திற்காக எரிக்கும் வழக்கம் ஏறக்குறைய நின்றது.

இவ்விருவரும் சாத்தானை நம்பாதவர்கள் அல்லர். இருபதாம் நூற்றாண்டு அறிவியல் அவர்களுக்குத் தெரியாது. அவர்களிடம் இருந்தது ஒன்றே: 'இது உண்மைதானா?' என்று கேட்கும் மனம். அக்கேள்வியை அக்காலத்திலேயே கேட்க முடிந்தது என்பதற்கு அவர்களே சான்று. ஆகவே, கேளாதவர்களின் பொறுப்பைக் காலத்தின் தலையில் சுமத்திவிட முடியாது. யார் சொன்னாலும் சொன்னதில் மெய்யுண்டா என ஆராய்க என்ற வள்ளுவர் நெறி, எக்காலத்திற்கும் எட்டக்கூடியதாகவே இருந்துவந்துள்ளது.

கிறிஸ்டென்சனின் தாயகமும் இதற்குச் சான்று பகர்கிறது. டென்மார்க்கில் 1547ஆம் ஆண்டிலேயே, தண்டனைபெற்ற குற்றவாளி ஒருவரின் வாய்ச்சொல்லை மட்டும்கொண்டு மற்றொருவரைத் தண்டிக்கலாகாது என்றும், தீர்ப்புக்கு முன்னர்ச் சித்திரவதை கூடாது என்றும் விதித்தனர். 1576ஆம் ஆண்டில், சூனிய வழக்கில் கீழ்மன்றம் அளிக்கும் மரணத்தீர்ப்பை மேல்மன்றம் ஆராயாமல் நிறைவேற்றலாகாது என்று சட்டம் வந்தது. வட யூட்லாந்துக்குரிய அம்மேல்மன்றம் இருந்த ஊர், கிறிஸ்டென்சன் பிறந்த வீபோர் நகரே. ஊர்மக்களின் சினம் ஆறாத கீழ்மன்றத்திலிருந்து வந்த வழக்குகளில் பலர் அங்கே உயிர் பிழைத்தனர். மனிதன் தவறக்கூடியவன் என்பதை ஒப்புக்கொண்டு, ஐயத்தையே ஒரு சட்டமாக்கிய ஏற்பாடு அது.

ஆனால், சட்டம் மட்டும் போதுமானதன்று. ரீபே நகரில் மாரென் ஸ்பிலீட் என்னும் பெண்மீது தையற்காரர் ஒருவர் சூனியக் குற்றம் சாட்டினார். முதலில் விடுபட்ட அவள்மீது அவர் மீண்டும் முறையிட்டார். வழக்கு மன்னர்வரை சென்றது. 1641ஆம் ஆண்டு நவம்பர் 9ஆம் நாள் அவள் எரிக்கப்பட்டாள். சட்டப்புத்தகத்தில் ஐயம் இருந்தும், தீர்ப்பளிப்போர் நெஞ்சில் ஐயம் இல்லாமற்போனால் விளைவு இதுவே.

ஐயத்தைப் போதித்தவரின் உறுதி

இதுவரை கூறியவற்றால், கிறிஸ்டென்சன் தெளிவின் பக்கத்திலும் பழங்காலத்தவர் மடமையின் பக்கத்திலும் நிற்பதாகத் தோன்றலாம். உண்மை அவ்வளவு எளிதன்று. எட்டு மில்லியனுக்கும் மேற்பட்டோர், அதாவது எண்பது இலட்சத்துக்கும் மேலானோர், சூனியத்திற்காக எரிக்கப்பட்டனர் என்று அவருடைய படம் அறிவிக்கிறது. அன்று பலரும் சொல்லிவந்த எண் அது. இன்றைய மதிப்பீட்டைக் காட்டிலும் நூறு மடங்குக்கும் மேற்பட்டது. கொடுமையைக் கண்டிக்கும் ஆர்வத்தில், கேட்டதை அவரும் ஆராயாமல் ஏற்றார்.

அதனினும் பெரிய பிழை ஒன்றுண்டு. படத்தின் இறுதிப் பகுதி, அக்காலச் சூனியக்காரிகள் உண்மையில் 'ஹிஸ்டீரியா' என்னும் நரம்புநோய்க்கு ஆளானவர்கள் என்று விளக்க முயல்கிறது. பாரிஸ் நகரத்து மருத்துவ மேதை சார்க்கோவின் காலந்தொட்டு வலுப்பெற்றிருந்த கொள்கை அது. சாத்தான் போய் நோய் வந்தது. துறவி போய் மருத்துவர் வந்தார். ஆனால், அந்நோய்ப் பெயரும் நிலைக்கவில்லை. பற்பல துன்பங்களை ஒரே மூட்டையாகக் கட்டிப் பெண்களின் தலையில் ஏற்றிய பெயர் அது என்னும் கருத்து வலுத்தது. 1980ஆம் ஆண்டில் அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் வெளியிட்ட நோய்ப்பட்டியலின் மூன்றாம் பதிப்பில் அப்பெயர் தனிநோயாக இடம்பெறவில்லை.

இதனால் கிறிஸ்டென்சனின் பெருமை குன்றாது. நெருப்புக்கும் மருத்துவமனைக்கும் உள்ள வேறுபாடு மலைக்கும் மடுவுக்கும் உள்ள வேறுபாடு. மேலும், தம் காலத்தைப் பற்றி அவர் செருக்குக் கொள்ளவுமில்லை. ஆதரவற்ற முதியவர்களையும் மனம் கலங்கிய பெண்களையும் காட்டி, நாம் முற்றிலும் மாறிவிட்டோமா என்றே அவர் வினவுகிறார். மூதாட்டி மரியாவாக நடித்த மாரென் பீடர்சன், படப்பிடிப்பின் இடைவேளையில், சாத்தான் மெய்யே என்றும் அவன் தன் படுக்கையருகே அமர்ந்திருந்ததைத் தான் கண்டதாகவும் கூறியதையும் படத்தில் சேர்த்தார். பழமை வேறெங்கோ புதைந்துகிடக்கவில்லை. ஒப்பனை அறைக்குள்ளேயே அமர்ந்திருந்தது. அதைக் கண்டுகொண்டவர், தம் அறிவியல் நம்பிக்கைக்குள்ளும் ஒரு பழமை ஒளிந்திருக்கக்கூடும் என்பதைக் காணவில்லை. எச்சரித்தவரே சறுக்கினார் எனில், எச்சரிக்கை பொய்யென்று ஆகாது. அது எத்துணை இன்றியமையாதது என்பதே உறுதியாகிறது.

ஐயுறுவோன் செயலற்றவனா?

'எதற்கெடுத்தாலும் ஐயுற்றால் எதைத்தான் செய்ய முடியும்?' என்று கேட்போரும் உளர். நீதிபதி தீர்ப்பளித்தே ஆகவேண்டும். மருத்துவர் மருந்து கொடுத்தே ஆகவேண்டும். வகுப்பில் ஒரு பொருள் காணாமற்போனால் ஆசிரியர் விசாரித்தே ஆகவேண்டும். ஐயம் என்பது கைகட்டி நிற்பதாயின், அதுவும் ஒரு தீமையே. குற்றவாளி தப்புவதும் அநீதிதான்.

ஆனால், அறமாகிய ஐயம் செயலைத் தடுப்பதன்று, செயலைத் திருத்துவது. சலசார் விசாரணையைக் கைவிடவில்லை. முன்னிலும் கடுமையாக விசாரித்தார். குற்றஞ்சாட்டப்பட்டவரை மட்டுமன்றிக் குற்றச்சாட்டையும் விசாரித்தார். அங்கேதான் வேறுபாடு. மாணவன் ஒருவன் தலைகுனிந்து நிற்கிறான். 'குற்றம் செய்ததனால் நிமிர்ந்து பார்க்க முடியவில்லை' என்கிறார் ஒருவர். அவன் நிமிர்ந்து பார்த்திருந்தால், 'எவ்வளவு நெஞ்சழுத்தம்!' என்று அவரே சொல்லியிருப்பார். கிராமரின் நூலைப் படிக்காதவரும் அந்நூலின் வழியில் நடக்கக்கூடும் என்பதற்கு இச்சிறு எடுத்துக்காட்டே போதும். 'எது நிகழ்ந்தால் என் கருத்தை மாற்றிக்கொள்வேன்?' என்று தீர்ப்பளிப்பவர் தம்மைக் கேட்கவேண்டும். அக்கேள்விக்கு விடையில்லையெனில், அவர் விசாரிக்கவில்லை, முன்னமே தீர்ப்பளித்துவிட்டார்.

மற்றொன்றும் உண்டு. மனிதத் தீர்ப்பு பிழைபடக்கூடியது என்பதனால், திருத்த இயலாத தண்டனைக்குமுன் அது மிகுதியாக அஞ்சவேண்டும். திரும்ப எடுத்துக்கொள்ளக்கூடிய சொல் வேறு. திரும்ப எடுத்துக்கொள்ள முடியாத செயல் வேறு. பன்னிரண்டு வயதுச் சிறுவனை ஊரறியத் 'திருடன்' என்றழைத்தபின், பொருள் வேறிடத்தில் அகப்பட்டால் அச்சொல்லை யார் துடைப்பது?

திரும்பிப் பார்க்கப்பட்ட படம்

கிறிஸ்டென்சனின் பிற்கால வாழ்வு மேடுபள்ளம் நிறைந்தது. 'சூனியக்காரி' படத்தைப் பல நாடுகளின் தணிக்கையாளர் வெட்டினர்; சிலர் தடைசெய்தனர். 1924ஆம் ஆண்டில் தம் நாட்டவரான கார்ல் தியோடர் டிரையர் ஜெர்மனியில் இயக்கிய 'மைக்கேல்' படத்தில் முதிய ஓவியராக நடித்தார். பின்னர் அமெரிக்கா சென்று, 1926ஆம் ஆண்டில் 'சாத்தானின் சர்க்கஸ்' உள்ளிட்ட படங்களை இயக்கினார். ஹாலிவுட்டில் அவர் எண்ணம் முழுதாக ஈடேறவில்லை. தாயகம் திரும்பி, 1939 முதல் 1942 வரை நான்கு பேசும்படங்களை எடுத்தார். மணமுறிவுற்றோரின் குழந்தைகளைப் பற்றி, ஊராரின் தீர்ப்புக்கு எளிதில் இலக்காகும் எளியோரைப் பற்றி அவற்றில் பேசினார். இறுதிப் படம் தோல்வியுற்றது. எஞ்சிய காலத்தைக் கோப்பன்ஹேகன் புறநகர்த் திரையரங்கு ஒன்றை நடத்திக் கழித்து, 1959ஆம் ஆண்டில் மறைந்தார்.

எனினும், 'சூனியக்காரி' மறையவில்லை. 1941ஆம் ஆண்டில் டென்மார்க்கில் மீண்டும் திரையிடப்பட்டபோது, அவரே திரையில் தோன்றி முன்னுரை வழங்கினார். டிரையர் 1943ஆம் ஆண்டில், நாடு ஜெர்மானியப் படையின் பிடியில் இருந்தபோது, மூதாட்டி ஒருத்தி சூனியக்காரி என்று எரிக்கப்படும் 'சினத்தின் நாள்' என்னும் படத்தை எடுத்தார். 1968ஆம் ஆண்டில் கிறிஸ்டென்சனின் படம் ஆங்கில விளக்கவுரையோடு புதிய தலைமுறையைச் சென்றடைந்தது. பின்னர், சுவீடன் திரைப்படக் கழகம் அதைச் செப்பனிட்டு மீட்டது. இன்று அது உலகத் திரைக்கலையின் பெரும்படைப்புகளுள் ஒன்றாக மதிக்கப்படுகிறது. ஒரு தலைமுறை வெட்டியதை மறு தலைமுறை ஒட்டியது. ஒரு காலத்தின் தீர்ப்பை மறு காலம் மாற்றியது.

படத்திற்கு அந்த நற்பேறு வாய்த்தது. ஏனெனில், படச்சுருள் காத்திருந்தது. ரீபே நகரத்து மாரெனுக்கு அது வாய்க்கவில்லை. அவள் குற்றமற்றவள் என்பதை இன்று உலகமே அறியும். அந்த அறிவால் அவளுக்கு ஆகும் பயன் ஒன்றுமில்லை. ஆகவே, பிறர்மேல் தீர்ப்புரைக்கும் இடத்தில் நிற்கும் ஒவ்வொருவரும், நீதிபதியாயினும் ஆசிரியராயினும் பெற்றோராயினும், தம் நேர்மையை மட்டும் நம்பி அமைதியடையலாகாது. கிராமரும் தம்மை நேர்மையானவர் என்றே நம்பியிருக்கக்கூடும். கேட்கவேண்டிய கேள்வியைக் கேட்டோமா, கேட்ட பின்பும் மீண்டும் ஒருமுறை பார்க்க இடம் வைத்தோமா என்பதே அளவுகோல். அவ்விடத்தை விட்டுவைக்கும் ஐயம் கோழைத்தனமன்று. அது பிறர் உயிர்க்கும் பெயர்க்கும் மனிதன் செய்யும் மரியாதை. எனவே, அதுவும் ஓர் அறமே.